ஏழாவது விநாடி

பதினெட்டு வருஷம் நாடக மேடையில் விழுந்து எழுந்தவள் நான். விழுவதும் எழுவதும்தான் என் தொழில். கதாநாயகி அழுது முடித்ததும் ஜனங்கள் கொஞ்சம் மூச்சுவிட வேண்டாமா, அதற்காக வாளிக்குள் காலை விட்டுக்கொண்டு மேடைக்கு வருகிறவள். என் முகத்தை நினைவு வைத்திருப்பவர்கள் குறைவு, வாளியை நினைவு வைத்திருப்பவர்கள் நிறைய. அப்படிப்பட்ட என்னைத் தொலைக்காட்சி நிலையத்தில் கூப்பிட்டு, பள்ளிக்கூடத்துக்குப் புதிதாகப் போகும் குழந்தைகளுக்கு எண்ணச் சொல்லித்தர வேண்டும் என்றார்கள். ஆள் மாற்றிக் கூப்பிட்டுவிட்டார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன்.

ஆள் மாறவில்லை. எனக்கு முன்னால் ஒரு பேராசிரியரை வைத்து நான்கு வாரம் நடத்திப் பார்த்திருக்கிறார்கள். அவர் கரும்பலகைக்குப் பக்கத்தில் நின்று கூட்டல் என்றால் என்ன என்று விளக்கிய அழகில் பிள்ளைகள் எழுந்து விளையாடப் போய்விட்டார்கள். ஐந்தாம் வாரம், நேரடி ஒளிபரப்பு ஓடிக்கொண்டிருக்கும்போதே மனிதருக்குச் சொல்ல வந்தது மறந்துபோயிற்று. அரை நிமிஷம் கேமராவையே வெறித்துப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறார். ஆள் போய்ச் சேர்ந்துவிட்டார் என்று பயந்து, பார்த்துக்கொண்டிருந்தவர்களெல்லாம் ஃபோன் மேல் ஃபோன் போட்டார்கள். அவருக்கு ஒன்றும் ஆகவில்லை, வீட்டுக்குப் போய் நன்றாகச் சாப்பிட்டுவிட்டுத் தூங்கினார் என்று கேள்வி. ஆனால் மறுநாள் நிலையத்தில் ஓர் உத்தரவு பிறந்தது. மூன்று விநாடிக்கு மேல் சத்தம் இல்லாவிட்டால் படத்தை நிறுத்தி, 'தடங்கலுக்கு வருந்துகிறோம்' என்று எழுதிய அட்டையைக் காட்டிவிட வேண்டும். மறுபடி சத்தம் கேட்ட பிறகுதான் அட்டையை எடுக்க வேண்டும்.

இந்த உத்தரவைப் பற்றி யாரும் எனக்குச் சொல்லவில்லை.

செவ்வாயும் வியாழனும் மாலை ஐந்து மணிக்கு இருபது நிமிஷம் என் நிகழ்ச்சி. எல்லாம் நேரடிதான். பதிவு செய்கிற நாடாவெல்லாம் பெரிய மனிதர்களின் பேச்சுக்கு மட்டும். அரங்கம் என்று பெயர், பார்த்தால் கிடங்கு மாதிரி இருக்கும். சுவரெல்லாம் எதிரொலி வராமல் இருக்கச் சாக்கு அடித்திருப்பார்கள். விளக்கைப் போட்டால் ஐந்தாவது நிமிஷம் முதுகில் வியர்வை ஓடும். நான் வலது கையைக் காட்டுங்கள் என்று சொல்லும்போது என் இடது கையைத் தூக்க வேண்டும், அப்போதுதான் எதிரே இருக்கிற குழந்தைக்குக் கண்ணாடி பார்ப்பதுபோல் சரியாக வரும். இதற்கே ஒரு வாரம் வீட்டில் பழகினேன். சோற்றைக்கூட எந்தக் கையால் எடுப்பது என்று தடுமாறினேன் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

அதெல்லாம் பழகிவிட்டது. பழகாதது ஒன்றே ஒன்று. மேடையில் ஜனங்கள் இருப்பார்கள். சிரித்தால் காதில் விழும், இருமினால் காதில் விழும், பிடிக்காவிட்டால் நாற்காலி நகர்கிற சத்தம்கூட விழும். இங்கே எதிரில் இருப்பது ஒரு கண்ணாடி வட்டமும் அதன்மேல் ஒரு சிவப்பு விளக்கும். விளக்கு எரிந்தால் நான் வீடுகளில் தெரிகிறேன், அணைந்தால் தெரியவில்லை. அந்தப் பக்கம் ஒரு குழந்தை இருக்கிறதா, சுவர் இருக்கிறதா என்று எனக்கு எப்போதும் தெரியாது.

முதல் நாள் என் கையில் மூன்று பந்துகள். ஒன்று நழுவி ஓட, அதைத் துரத்திப்போய் விழுந்தேன். பந்து போனது போனதுதான். எழுந்துவந்து, முகத்தைக் கேமராவுக்கு நேராக வைத்து, இப்போது என்னிடம் எத்தனை பந்து இருக்கிறது என்று கேட்டேன். கேட்டுவிட்டுக் காத்திருந்தேன். ஒரு கேள்வி கேட்டால் பதிலுக்குக் காத்திருப்பதுதானே மரியாதை? அதுவும் எண்ணத் தெரியாதவர்களிடம் கேட்டால், எண்ண நேரம் கொடுக்க வேண்டாமா? மூன்றாவது விநாடியில் சிவப்பு விளக்கு அணைந்தது.

அரங்கத்துக் கண்ணாடிச் சன்னலுக்குப் பின்னால் கட்டுப்பாட்டு அறையில் இருந்தவரை நிலையத்தில் எல்லோரும் முள்ளுக்காரர் என்பார்கள். ஒலி அளவைக் காட்டும் முள்ளை நாளெல்லாம் பார்த்துக்கொண்டிருப்பது அவர் வேலை. முள் ஆடினால் உலகம் சரியாக இருக்கிறது, ஆடாவிட்டால் ஏதோ கெட்டுவிட்டது. சட்டைப் பையில் எப்போதும் ஒரு நிறுத்துக் கடிகாரம் வைத்திருப்பார். அன்றைக்கு முள் கீழே விழுந்து மூன்று விநாடி ஆனதும் அட்டையைப் போட்டுவிட்டார். நிகழ்ச்சி முடிந்ததும் நான் உள்ளே போய்க் கத்தியதற்கு, உத்தரவைச் சுட்டிக்காட்டினார். சுவரில் ஆணி அடித்து மாட்டியிருந்தது.

நிகழ்ச்சி அதிகாரியிடம் போனேன். அவர் கெட்டவர் இல்லை. எதையும் கோப்பில் பார்த்தால்தான் நம்புகிறவர், அவ்வளவுதான். குழந்தைகள் யோசிக்க நேரம் வேண்டும் என்றேன். கேள்வியைக் கேட்டு உடனே பதிலையும் நானே சொல்லிவிட்டால் நேரம் மிச்சம், இன்னும் இரண்டு கேள்வி கூடுதலாகக் கேட்கலாம் என்றார். அப்படியானால் கேள்வி எதற்கு என்றேன். பேராசிரியர் அப்படித்தான் செய்தார் என்றார். அதனால்தானே என்னைக் கூப்பிட்டீர்கள் என்று கேட்டேன். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார். அந்த அலுவலகத்தில் அதற்குப் போய்வாருங்கள் என்று அர்த்தம்.

நான் எதற்காக இதில் ஒற்றைக் காலில் நின்றேன் என்றால், என் வீட்டில் ஒரு காரணம் இருந்தது. ஆறு வயதுக் காரணம். என் மகள், பாப்பா என்று கூப்பிடுவோம். எதைக் கேட்டாலும் சரியாகப் பதில் சொல்லும். ஆனால் உடனே சொல்லாது. முதலில் மேலே பார்க்கும். பிறகு உதட்டைக் கடிக்கும். பிறகு யாரும் அவசரப்படுத்தாவிட்டால், தெளிவாகச் சொல்லும். நான் எண்ணிப் பார்த்திருக்கிறேன், ஏழு விநாடி ஆகும். பள்ளிக்கூடத்தில் ஒரு வகுப்பில் ஐம்பது பிள்ளைகள். ஆசிரியை இவளிடம் கேட்டுவிட்டு, இரண்டு விநாடியில் அடுத்த பிள்ளைக்குப் போய்விடுவார். அவரையும் சொல்லிக் குற்றமில்லை. ஆனால் முன்னேற்ற அறிக்கையில் 'பதில் சொல்வதில்லை' என்று எழுதி, இன்னொரு வருஷம் அதே வகுப்பில் இருந்தால் நல்லது என்று சொல்லியனுப்பிவிட்டார். பதில் சொல்வதில்லையாம். சொல்லவிட்டால்தானே?

நானும் அக்காவும் பாப்பாவும் மாடியில் குடியிருந்தோம். கீழே ஒரு பல் டாக்டர். அந்தத் தெருவிலேயே அவரிடம்தான் தொலைக்காட்சிப் பெட்டி இருந்தது, அதையும் நோயாளிகள் பயத்தை மறக்கட்டும் என்று காத்திருக்கும் அறையில் வைத்திருந்தார். செவ்வாயும் வியாழனும் ஐந்து மணிக்குத் தெருப் பிள்ளைகள் எல்லாம் அங்கே கூடிவிடும். உள்ளே ஒருவர் பல்லைப் பிடுங்கிக்கொண்டு அலற, வெளியே இவர்கள் என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருப்பார்கள். அக்கா பாப்பாவை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். அரங்கத்தில் எனக்குத் தெரியாததெல்லாம் அக்காவுக்குத் தெரியும். வீட்டுக்கு வந்ததும் அவளிடம்தான் கேட்பேன்.

நான் விடுவதாக இல்லை. ஒவ்வொரு நிகழ்ச்சியிலும் மூன்று கேள்வி கேட்டேன், மூன்று முறையும் காத்திருந்தேன், மூன்று முறையும் அட்டை விழுந்தது. வாரத்துக்கு ஒரு மெமோ வந்தது. மூன்றாவது மெமோ வந்ததும் முள்ளுக்காரருக்கே என்மேல் இரக்கம் வந்துவிட்டது. உத்தரவில் சத்தம் இல்லாவிட்டால் என்றுதான் இருக்கிறது, என்ன சத்தம் என்று இல்லை என்றார். எதையாவது வைத்து முள்ளை ஆட்டிவிட்டால் போதும். இரண்டு பேருமாகச் சேர்ந்து வரவேற்பறையில் இருந்த பெரிய ஊசல் கடிகாரத்தைத் தூக்கிவந்து ஒலிவாங்கிக்குப் பக்கத்தில் மாட்டினோம். விநாடிக்கு ஒரு தரம் டிக் என்று அடித்தது. முள் அழகாக ஆடியது. அன்றைக்கு இரண்டு தொப்பியைக் காட்டி எத்தனை என்று கேட்டு, ஏழு டிக் வரைக்கும் காத்திருந்தேன். சிவப்பு விளக்கு அணையவே இல்லை. தலைகால் புரியாத சந்தோஷத்தில் வீட்டுக்கு ஓடினேன்.

அக்கா சிரிப்பை அடக்க முடியாமல் வாசலிலேயே நின்றிருந்தாள். தொப்பியை யாரும் பார்க்கவில்லையாம். எல்லாப் பிள்ளைகளும் கடிகாரத்தின் அடியை எண்ணி, ஒரே குரலில் ஏழு என்று கத்தியிருக்கிறார்கள். நான் திரையில், ஆமாம், இரண்டு என்றதும், உங்களுக்கு எண்ணத் தெரியவில்லை என்று என்னைக் கேலி செய்தார்களாம். காத்திருந்த ஒரு நோயாளிகூட ஏழுதான் என்று சொன்னாராம். மறுநாளே கடிகாரம் வரவேற்பறைக்குத் திரும்பிப் போயிற்று. சத்தம் இருந்தால் பிள்ளைகள் சத்தத்தைக் கேட்பார்கள். யோசிப்பதற்கு அமைதிதான் வேண்டும், வேறு வழியில்லை.

மறுபடி அமைதி, மறுபடி அட்டை. அடுத்த வாரம் அக்கா சிரிக்கவில்லை. பாப்பா இப்போதெல்லாம் கேள்வி வரும்போது வாயை இரண்டு கையாலும் பொத்திக்கொள்கிறாள் என்றாள். வேடிக்கையாகச் செய்கிறாள் என்று நினைத்தாளாம், ஆனால் முகத்தைப் பார்த்தால் வேடிக்கையாக இல்லையாம். நான் பாப்பாவை உட்காரவைத்து ஏன் என்று கேட்டேன். மேலே பார்த்தாள். உதட்டைக் கடித்தாள்.

"நான் லேட்டா சொல்றேன்லம்மா, அதான் டிவி கெட்டுப்போயிடுது," என்றாள். "நான் சொல்லலன்னா கெட்டுப்போகாது."

எனக்கு வந்த ஆத்திரத்தை எங்கே கொட்டுவது என்று தெரியவில்லை. பள்ளிக்கூடம் இவளை மந்தம் என்றது, அதைப் பொறுத்துக்கொண்டேன். இப்போது நானே, என் நிகழ்ச்சியே, வாரத்துக்கு ஆறு தடவை இவளிடம் அதையே சொல்லிக்கொண்டிருந்திருக்கிறது. நான் கேள்வி கேட்கிறேன், குழந்தை எண்ணிக்கொண்டிருக்கிறது, பதில் தொண்டை வரைக்கும் வருகிறது, அட்டை விழுகிறது. எழுதப் படிக்கத் தெரியாத குழந்தைக்கு அது எப்படித் தெரியும்? தண்டனை மாதிரித்தான் தெரியும். பாப்பா ஒருத்திக்கு மட்டுமா அப்படித் தோன்றியிருக்கும்? எத்தனை வீட்டில் எத்தனை பிள்ளைகள் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கின்றனவோ?

நிகழ்ச்சியை விட்டுவிடலாம் என்று அக்கா சொன்னாள். விட்டால் என்ன ஆகும், பாப்பா தான் வாயைத் திறந்ததால்தான் அம்மாவே டிவியில் வராமல் போய்விட்டாள் என்று நினைத்துக்கொள்வாள். விடுவதற்கில்லை. அதிகாரியைப் பல் டாக்டர் வீட்டுக்கு வந்து ஒரு தடவை பாருங்கள் என்று கூப்பிட்டேன். நிகழ்ச்சியை அலுவலகத்திலேயே பார்க்க வசதி இருக்கிறதே என்றார். அங்கே குழந்தைகள் இல்லையே என்றேன். கண்ணாடியைக் கழற்றினார்.

முள்ளுக்காரருக்கு ஒரு மாதமாகக் கடைவாய்ப் பல்லில் வலி. கன்னத்தைப் பிடித்துக்கொண்டே முள்ளைப் பார்த்துக்கொண்டிருப்பார். டாக்டரிடம் போகப் பயம், நாளைக்கு நாளைக்கு என்று தள்ளிக்கொண்டிருந்தார். அவரிடம் போய், எங்கள் கீழ்வீட்டு டாக்டர் வலிக்காமல் பார்ப்பார், நான் சொன்னால் உடனே பார்ப்பார், வியாழக்கிழமை சரியாக ஐந்து மணிக்குப் போங்கள் என்றேன். உங்கள் நிகழ்ச்சி நேரமாயிற்றே என்றார். மாற்று ஆள் இருக்கிறார், அட்டை போட அவருக்கும் தெரியும் என்றேன். இந்தப் பக்கம் அக்கா டாக்டரிடம் பேசி, ஐந்தரை மணிக்கு முன்னால் இவரை உள்ளே கூப்பிடக் கூடாது என்று ஏற்பாடு செய்துவிட்டாள். ஏமாற்று வேலைதான். மேடையில் பதினெட்டு வருஷம் செய்ததுதானே.

அன்றைக்கு நான் நான்கு பொத்தான் வைத்த பெரிய சட்டையைத் தப்பாகப் போட்டுக்கொண்டு, மாட்டுவதும் கழற்றுவதுமாகப் பாடுபட்டு, எத்தனை பொத்தான் என்று கேட்டேன். மூன்றாவது விநாடி விளக்கு அணைந்தது. அந்த நேரத்தில் கீழ்வீட்டில் நடந்ததை அக்காவும் முள்ளுக்காரரும் தனித்தனியாகச் சொன்னதை வைத்துத்தான் சொல்கிறேன்.

அவர் பிள்ளைகளுக்கு நடுவில் பெஞ்சில் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார். கேள்வி வந்ததும், பழக்க தோஷம், பையிலிருந்து நிறுத்துக் கடிகாரத்தை எடுத்துவிட்டார். இரண்டு பிள்ளைகள் சட்டென்று நாலு என்றன. மற்றவர்கள் விரலை மடக்கிக்கொண்டிருக்கும்போதே அட்டை விழுந்தது. மடங்கின விரல்கள் அப்படியே நின்றுவிட்டன. அவர் இத்தனை வாரமாகப் போட்டுவந்த அட்டையை முதல்முறையாக எதிர்ப்பக்கத்தில் இருந்து பார்த்தார். பக்கத்தில் ஒரு சின்னப் பெண் வாயைப் பொத்திக்கொண்டிருப்பதைப் பார்த்து, ஏன் என்று கேட்டார். பாப்பா மேலே பார்த்தாள். வீங்கின கன்னத்தோடு இன்னொரு கேள்வி கேட்க முடியாமல் அவர் சும்மா இருந்தார். அதனால் அவருக்குப் பதில் கிடைத்தது. எனக்குச் சொன்ன அதே பதில்.

"அது நீ இல்லம்மா," என்றாராம் அவர். "அந்த அட்டையை நான்தான் போடுறேன்."

பாப்பா அவரை நிமிர்ந்து பார்த்து, "ஏன்?" என்று கேட்டிருக்கிறாள்.

நிகழ்ச்சி முடிந்து பெட்டியை அணைத்த பிறகு, அவரே பிள்ளைகளை ஒவ்வொன்றாகக் கூப்பிட்டுத் தன் சட்டைப் பொத்தானை எண்ணச் சொல்லி நேரம் பார்த்திருக்கிறார். அணைத்த பெட்டி கெட்டுப்போகாது என்பதால் பாப்பாவும் சொன்னாள். டாக்டர் இரண்டு தடவை கூப்பிட்டும் அவர் எழுந்துபோகவில்லை. பல் வலியை மறக்கடித்த பெருமை என் நிகழ்ச்சிக்கு உண்டு.

மறுநாள் அதிகாரியின் மேஜையில் ஒரு தாள் இருந்தது. மொத்தம் பதினோரு பிள்ளைகள். இரண்டு விநாடிக்குள் பதில் சொன்னது இரண்டு. நான்கு விநாடிக்குள் இன்னும் ஆறு. ஐந்தரை விநாடிக்குள் இரண்டு. ஏழாவது விநாடியில் ஒன்று. பதினொன்றும் சரியான பதில். கடைசி வரியை முள்ளுக்காரர் அடிக்கோடிட்டிருந்தார். கோப்பில் வைக்கிற மாதிரி ஒரு தாள் கிடைத்ததும் அதிகாரியின் முகமே மாறிவிட்டது. இரண்டு தடவை படித்தார். நியாயம்தான் என்றார். பதினொன்றில் எட்டுப் பேர் நான்கு விநாடிக்குள் சொல்லிவிடுகிறார்கள், ஆகையால் உத்தரவைத் திருத்தி நான்கு விநாடியாக்கித் தருகிறேன் என்றார். அவரைப் பொறுத்தவரை அது பெரிய விஷயம். ஒரு உத்தரவை யாரும் அத்தனை சுலபமாகத் திருத்திவிட மாட்டார்கள். முள்ளுக்காரர் என்னைப் பார்த்தார். ஒத்துக்கொள்வேன் என்று எதிர்பார்த்தார் போலிருக்கிறது. அந்த ஏழாவது விநாடி யாருடையது என்று அவருக்குத் தெரியும், அதிகாரிக்குத் தெரியாது. நான் சொல்லவும் இல்லை. என் பிள்ளைக்காகக் கேட்கிறேன் என்று தெரிந்தால் சலுகை ஆகிவிடும். சலுகை எனக்கு வேண்டாம்.

"அந்த எட்டுப் பேருக்கு நான் எதுக்கு சார்?" என்றேன். "அவங்க பள்ளிக்கூடத்துலயே கையத் தூக்கிச் சொல்லிடுவாங்க. கடைசில சொல்ற பிள்ளைய அங்கயும் யாரும் கேக்கறதில்ல. நானும் கேக்கலன்னா அது எங்க போய்ச் சொல்லும்? ஏழு குடுங்க."

பிடித்த பிடியை விடாமல் நிற்கிறீர்களே என்றார். ஆமாம் என்றேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது, அதுவும் நியாயமான கோபம்தான். இறங்கி வந்தவரை மேலும் இறங்கச் சொன்னால் யாருக்கும் வரும். செவ்வாய்க்கிழமை தானே கட்டுப்பாட்டு அறையில் வந்து உட்காரப்போவதாகவும், நான்கு தாண்டினால் அட்டை விழும் என்றும், அப்படி விழுந்தால் வியாழன் முதல் என் நேரத்தில் தையல் வகுப்பு வரும் என்றும் சொன்னார். வெட்டு ஒன்று துண்டு இரண்டாகச் சொல்லிவிட்டு, இந்தத் தடவை கண்ணாடியைக் கழற்றாமலே என்னை அனுப்பினார்.

நான்கு விநாடியில் நிறுத்திக்கொண்டு பிழைத்துப்போகலாமா என்று நான் யோசிக்கவில்லை என்று சொன்னால் பொய். மூன்று நாள் யோசித்தேன். பதினொன்றில் எட்டு. நல்ல கணக்குத்தான். ஆனால் பாப்பாவைப் பார்க்கும்போதெல்லாம் அந்தக் கணக்கு கசந்தது. நான்கு விநாடிக்குச் சம்மதித்தால், உன்னைத் தவிர எல்லோருக்கும் நேரம் வாங்கிவிட்டேன் என்று இவளிடம் சொல்ல வேண்டும். திங்கட்கிழமை சாயங்காலம் அக்காவிடம், நாளைக்குப் பாப்பாவைக் கட்டாயம் முன் பெஞ்சில் உட்காரவை என்று சொல்லிவிட்டேன்.

செவ்வாய்க்கிழமை. விளக்குகள் எரிந்தன. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வழக்கத்துக்கு அதிகமாக ஒரு தலை தெரிந்தது. நான் அன்றைக்கு விழவில்லை, ஓடவில்லை, வாளியும் இல்லை. ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, குடைகளை ஒவ்வொன்றாக விரித்துக் கீழே வைத்தேன். கேமராவுக்கு நேரே குனிந்து, "அவசரமே இல்ல. நல்லா எண்ணிட்டுச் சொல்லுங்க, நான் இங்கயேதான் இருப்பேன். எத்தனை குடை?" என்று கேட்டேன்.

ஒன்று. இரண்டு. மூன்று. நான்காவது விநாடியில் என் கண் தானாகச் சிவப்பு விளக்குக்குப் போயிற்று, இழுத்துக் கண்ணாடி வட்டத்துக்குக் கொண்டுவந்தேன். குழந்தை பார்க்கும்போது நான் வேறெங்கோ பார்க்கக் கூடாது. ஐந்து. மேடையில் இவ்வளவு நேரம் யாரும் சிரிக்காமல் இருந்திருந்தால் திரையை இறக்கியிருப்பார்கள். ஆறு. எதிரே ஒரு முகம் மேலே பார்த்துவிட்டு உதட்டைக் கடிப்பதாக நினைத்துக்கொண்டேன். ஏழு. ஆமாம், மூன்று குடை என்றேன். விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

இரண்டாவது கேள்வியும் அப்படியே. மூன்றாவதும் அப்படியே. நிகழ்ச்சி முடிந்ததும் கட்டுப்பாட்டு அறைக்கு ஓடினேன். அங்கே அதிகாரி பேனாவைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். நடந்தது இதுதான். நான்காவது விநாடியில் அவர் அட்டை போடுங்கள் என்றிருக்கிறார். முள்ளுக்காரர் மறுக்கவில்லை. பதிவேட்டைத் திறந்து அவர் முன்னால் வைத்து, அட்டை போட்டால் எழுத வேண்டிய கட்டத்தைக் காட்டியிருக்கிறார். இதுவரை அந்தக் கட்டத்தில் ஒலி இல்லை என்று எழுதிவந்தவர், அன்றைக்கு அப்படி எழுத மறுத்துவிட்டார்.

"தடங்கலுக்குக் காரணம்னு கேக்குது சார்," என்றாராம். "குழந்தைங்க யோசிக்கறாங்கன்னு எழுதட்டுமா? நீங்க எழுதிக் கையெழுத்துப் போட்டீங்கன்னா உடனே போட்டுடறேன்."

முதல் கேள்விக்கு அதிகாரி பேனாவைத் தேடினார். இரண்டாவது கேள்விக்குப் பேனா கிடைத்துவிட்டது, எழுத வார்த்தை கிடைக்கவில்லை. மூன்றாவது கேள்விக்கு எழுதவே முயற்சி செய்யவில்லை. என்னைப் பார்த்ததும் பேனாவை மூடிப் பையில் செருகிக்கொண்டார். தையல் வகுப்பைப் பற்றி அப்புறம் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டு வெளியே போனார். அந்தக் கட்டடத்தில் அப்புறம் பார்க்கலாம் என்று சொன்ன எதையும் யாரும் திரும்பிப் பார்த்ததாகச் சரித்திரம் இல்லை. நான் முள்ளுக்காரர் பக்கம் திரும்பினேன். பல் எப்படி இருக்கிறது என்று மட்டும் கேட்டேன். பிடுங்கியாயிற்று என்றார்.

வீட்டுக்கு எப்படி வந்தேன் என்று தெரியாது. காத்திருக்கும் அறையில் பிள்ளைகள் கலைந்துபோயிருந்தன. முன் பெஞ்சில் அக்காவும் பாப்பாவும் மட்டும். அக்கா என்னைக் கண்ணால் எச்சரித்தாள். முதல் கேள்விக்குப் பாப்பா வாயிலிருந்து கையை எடுக்கவில்லையாம். ஏழு விநாடியும் அட்டைக்காகப் பயந்து காத்திருந்தாளாம். இரண்டாவது கேள்விக்குக் கையை எடுத்தாள், ஆனால் வாயைத் திறக்கவில்லை. மூன்றாவதாக நான் ஐந்து தேக்கரண்டியைக் காட்டி எத்தனை என்று கேட்டபோது மேலே பார்த்தாள், உதட்டைக் கடித்தாள், அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டாள், வாயைத் திறந்தாள்.

நான் குனிந்து, "சொன்னியாடா கண்ணு?" என்று கேட்டேன். கேட்டுவிட்டுக் காத்திருந்தேன்.

"சொல்ல வந்தேன்," என்றாள் பாப்பா. "அதுக்குள்ள நீ பேசிட்டேம்மா."

டிவி கெட்டுப்போனது என்று சொல்லவில்லை. தன்மேல் தப்பு என்றும் சொல்லவில்லை. நேராக என் முகத்தைப் பார்த்து, என்மேல்தான் குற்றம் சொன்னாள். எனக்கு அழுகையும் வந்தது, அதைவிட அதிகமாகச் சந்தோஷமும் வந்தது. பயந்துபோன பிள்ளைக்குப் பழைய ஏழு போதாது. பயத்தைத் தாண்டி வரவும் நேரம் ஆகும், அதை நான் கணக்கில் சேர்க்கவில்லை. எத்தனை தேக்கரண்டி என்று இப்போது சொல் என்றேன். ஐந்து என்றாள், எட்டாவது விநாடியில்.

டாக்டரிடம் கேட்டு அவருடைய ஃபோனை எடுத்து நிலையத்துக்கு அடித்தேன். முள்ளுக்காரர் இன்னும் கிளம்பியிருக்கவில்லை. வியாழக்கிழமை எட்டு விநாடி காத்திருக்கப்போகிறேன் என்றேன். இன்றைக்குத்தான் ஏழுக்கு இந்தப் பாடு பட்டோம், அதற்குள்ளாகவா, அதிகாரி என்ன சொல்வாரோ என்று இழுத்தார்.

"எட்டுண்ணே," என்றேன்.